மூன்றாம் தொட்டிப் படிகாரம்

கிணத்துக்கடவு தம்பிதுரையின் ஆலையில் மூன்றாம் தொட்டியில் விளைந்த படிகாரத்தை யார் வீட்டு நெருப்பில் போட்டாலும் அது அங்கன்வாடி டீச்சர் பொற்கொடியின் முகமாகப் பொரிந்தது. தேங்காய் விலை ஏறியிருந்த தை மாதத்தில் இது தொடங்கியது. தேங்காய் விலை பங்குனியில் இறங்கிவிட்டது, முகம் இறங்கவில்லை.

படிகாரம் செய்வதில் ரகசியம் ஒன்றுமில்லை. பாக்சைட் பொடியை ஆசிட்டில் வேகவைத்து, தெளிந்த சாற்றில் பொட்டாஷ் உப்பைக் கலந்து, சூட்டோடு தொட்டியில் விட்டு, குறுக்குக் கழிகளில் நூலைத் தொங்கவிட வேண்டும். பத்து நாள் யாரும் தொட்டியை அசைக்கக் கூடாது. ஆற ஆற நூலைப் பிடித்துக்கொண்டு கண்ணாடி போலக் கட்டி வளரும். மூன்றாம் தொட்டிக்கு நூல் கட்டியவர் நஞ்சப்பன், பொற்கொடியின் கணவர். பதினெட்டு வருடக் குடித்தனத்தில் அவர் சாப்பாட்டைப் பாராட்டியது ஒரே ஒரு முறை. அதுவும் ஒரு கல்யாண வீட்டில், சமையல்காரரிடம்.

அவருடைய படிகாரம் போத்தனூர் சலூன்களில் கன்னத்து ரத்தத்தை நிறுத்தியது, திருப்பூரில் துணியில் சாயத்தை நிற்க வைத்தது, ஊராட்சித் தொட்டிகளில் கலங்கிய தண்ணீரைத் தெளிய வைத்தது. அங்கெல்லாம் யாருக்கும் புகார் இல்லை. தொல்லை திருஷ்டியில்தான் வந்தது. சோறு இறங்காத குழந்தையின் தலையை மூன்று சுற்றுச் சுற்றித் தணலில் போட்டால், படிகாரம் யார் உருவமாக உப்புகிறதோ அவர் கண்தான் பட்டிருக்கிறது என்பது இந்தப் பக்கத்து வழக்கம். இருபத்திரண்டு குழந்தைகள் வந்துகொண்டிருந்த அங்கன்வாடிக்கு மாசி கடைசியில் நான்கு பேர் வந்தார்கள். பத்துக்குக் கீழே இருந்தால் சித்திரையில் மையத்தைப் பக்கத்து ஊரோடு சேர்த்துவிடுவோம் என்று மேற்பார்வையாளர் எழுதிவைத்துப் போனார். பொற்கொடி இருபத்திரண்டு முட்டை வேகவைப்பதை நிறுத்தவில்லை. மிச்சத்தை வெறித்துப் பார்த்துக்கொண்டிருந்தார்.

இரட்டைப் பிள்ளைகளின் தாய் மாசாணியம்மாள்தான், பொரிந்ததை ஒரு தட்டில் வைத்து நேரே கொண்டுவந்தார்.

"நீங்களே பாருங்க டீச்சர். நாங்க பொய் சொல்லலீங்க."

பொற்கொடி பார்த்தார். அவர் முகமேதான். ஆனால் ஈரத் தலையில் துண்டு முடிந்து, கண்ணைப் பாதி மூடி, டீயை ஊதிக்கொண்டிருக்கும் முகம். அங்கன்வாடிக்கு அவர் ஒருநாளும் அப்படி வந்ததில்லை. காலை ஐந்தரை மணிக்கு அடுப்படியில் அந்தக் கோலத்தைப் பார்க்கிற ஆள் உலகத்தில் ஒருவர்தான். தட்டை எடுத்துக்கொண்டு ஆலைக்கு நடந்தார். மாசாணியம்மாளும் பின்னாலேயே போனார், தட்டு அவருடையது.

"ஏனுங்க, நூலு கட்டறப்ப என்னத்த நெனச்சுட்டு இருப்பீங்க?"

நஞ்சப்பன் கழியைப் பார்த்தார், தொட்டியைப் பார்த்தார். "வேற என்னத்த நெனக்கறது அம்மணி. உன்னயத்தான்."

பொட்டாஷ் மூட்டை மேல் உட்கார்ந்து பொற்கொடி அழுதார். மூன்று மாதமாக அடக்கிவைத்தது ஒரு பக்கம், பதினெட்டு வருடம் இன்னொரு பக்கம். மாசாணியம்மாள் தட்டை மறந்துவிட்டு ஊருக்குள் ஓடினார், அன்று மாலைக்குள் தெரியாதவர் இல்லை.

வேறு எதையாவது நினைத்துத் தொலையப்பா என்று தம்பிதுரை கேட்டுக்கொண்டார். நஞ்சப்பன் நாணயமாக மின்கட்டணத்தையும் பொள்ளாச்சி பஸ் நேரத்தையும் நினைத்தார். பத்து நாள் கழித்தும் நூலில் ஒரு கல் பிடிக்கவில்லை, சாறு சாறாகவே நின்றது. முதலாளி யோசித்து, மூன்றாம் தொட்டிச் சரக்கு இனிமேல் தண்ணீருக்கும் சாயத்துக்கும் மட்டும், கடைகளுக்கு மற்றத் தொட்டிகளில் இருந்து போகட்டும் என்று உத்தரவு போட்டார். பிள்ளைகள் திரும்பி வந்தார்கள். சித்திரையில் இருபத்து நான்கு பேர்.

நஞ்சப்பன் வீட்டில் இன்றுவரை ஒரு வார்த்தை கூடுதலாகப் பேசவில்லை. பொற்கொடியும் கேட்பதில்லை. வெள்ளிக்கிழமைகளில் மூன்றாம் தொட்டிக் கட்டி ஒன்றைத் தணலில் போடுவார், அவ்வளவுதான். ஆடியில் மூக்குத்தியை மாற்றியிருந்தார். நஞ்சப்பன் அதைக் கவனித்த மாதிரியே தெரியவில்லை. அடுத்த ஈடு படிகாரம் பொரிந்தபோது மூக்கில் புது மூக்குத்தி இருந்தது, ஐந்து கல்லையும் எண்ணலாம். பொற்கொடி எண்ணிப் பார்த்துவிட்டு, அரிசிம்பருப்புச் சோற்றுக்கு உலை வைத்தார்.