ஆற்றின் தொடக்கம்

நோர்வேயிலிருந்து வந்த படத்தில் எல்லோரும் மாப்பிள்ளையைப் பார்த்தார்கள். நான் அவருக்குப் பின்னால், கரையெல்லாம் பனிக்கட்டியாக ஓடிய ஆற்றைப் பார்த்தேன். நான் பிறந்த யாழ்ப்பாணத்தில் ஆறு ஏது? "பழுதில்லாத பெடியன், பேர்ணடெற்," என்றார் எனக்குச் சம்பந்தம் பேசிய வேரோனிக்கா அன்ரி. பெடியனை அவரும் கண்டதில்லை.

ஓம் என்றால் கனடாவை, ஸ்காபரோ வீட்டை, வேலையை எல்லாம் விட்டு, நேரில் பாராத ஒருவரோடு வாழப் போகவேண்டும். பயத்தோடு நூலகத்தில் அற்லஸை விரித்தேன். மாப்பிள்ளை அகஸ்ரின் இருக்கும் ஊர் கடலிலிருந்து வெகுதூரம் உள்ளே ஒரு புள்ளி. பக்கத்தில் தலைமயிர் அளவு நீலக்கோடு, பெயர்கூடப் போடவில்லை. மேலே மலைப்பக்கம் மறைந்தது, கீழே ஓர் ஏரியில் முடிந்தது.

ஞாயிறு பூசை முடிந்து நான் வீட்டுக்கு வந்ததும் அவர் தொலைபேசியில் கூப்பிட்டார். சமையல், குளிர் என்று பேசினார்.

"உங்கட ஊர் ஆறு எங்கயிருந்து வருது?" என்றேன்.

"தெரியாது. வேலைக்குப் போகேக்க பாலத்தால கடக்கிறனான், அவ்வளவுதான்."

ஐந்து வருடம் அதன் பக்கத்திலேயே இருந்த மனிதர்! எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இவர் என்னை மட்டும் என்னவென்று அறியப்போகிறார்? வேண்டாம் என்றேன் அப்பாவிடம்.

"அடுத்த ஞாயிறும் எடுப்பார். நீயே சொல்லு, பிள்ளை," என்றார் அப்பா, என் முகத்தைப் பாராமல்.

மறு ஞாயிறு நான் வாய் திறக்கமுன் அவரே தொடங்கினார். குரலில் நல்ல தடிமன், இடையிடையே தும்மினார்.

"நேற்று ஆத்தோரமாப் போனனான். மரம் அரியிற மில் வரைக்கும் சைக்கிள், பிறகு நடை. மேல ஒரு சின்னக் குளம். அதிலதான் தொடங்குது எண்டு நினைச்சன், இல்லை. அதுக்கு மேலயும் தண்ணி. ஒரே சதுப்பு, எல்லாப் பக்கத்தாலயும் ஊறுது. இதுதான் தொடக்கம் எண்டு ஒரு இடத்தைக் காட்டேலாது."

"கீழ?"

"ஏரியில விழுகுதாம், ஆக்கள் சொல்லினம். நான் இன்னும் பாக்கேல்லை. பாக்காம எப்பிடிச் சொல்லுறது?"

ஒரு மாதமாக எல்லோரும் தாங்கள் காணாததைத்தான் எனக்குச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். எனக்குக் கண் கலங்கிவிட்டது. வேண்டாம் என்று சொல்ல இருந்ததை விட்டுவிட்டு வேறொன்று கேட்டேன்.

"சதுப்புக்குள்ள கால் புதையேல்லையா?"

"புதைஞ்சது. ஒரு சப்பாத்து இப்பவும் அங்கதான் கிடக்கு."

வாய்விட்டுச் சிரித்துவிட்டேன். குசினி மேசையில் பேப்பர் வாசிப்பதுபோல் இருந்த அப்பா, பேப்பரை மெல்லக் கீழே இறக்கினார்.