சனிக்கிழமைத் தொட்டி

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், எனக்கு வெந்நீரில் ஊறுவதில் துளியும் ஆர்வம் கிடையாது. குளிப்பதையே கடனே என்று செய்கிறவன் நான். வாளி நிரம்புவதற்குள் பாதிக் குளியலை முடித்துவிடுவேன். அப்படிப்பட்டவன், ஒரு எருமையையே முக்கி எடுக்கலாம் போன்ற வெந்நீர்த் தொட்டியை வாங்கி வீட்டுக்குப் பின்னால் வைத்தான் என்றால் அதற்குக் காரணம் வயிற்றெரிச்சல்தான்.

என் மனைவிக்கு முதுகுவலி. மருத்துவமனையில் வரவேற்பு மேசை அவளுடையது. நாள் முழுக்க உட்கார்ந்தே இருந்து இடுப்புக்கு மேலே பலகை மாதிரி ஆகிவிடும். அவளுடைய அக்கா வீட்டில் ஒரு வெந்நீர்த் தொட்டி உண்டு. பொத்தானைத் தட்டினால் பக்கவாட்டுத் துளைகளிலிருந்து தண்ணீர் பீறிட்டு முதுகை அமுக்கிவிடுமாம். போன வருஷம் ஒரு சனிக்கிழமை சும்மா போய் ஊறிவிட்டு வந்தாள். அடுத்த சனிக்கிழமையும் போனாள். பிறகு அதுவே வழக்கமாகிவிட்டது. காலையில் தோளில் துண்டோடு கிளம்பினால் பொழுது சாயும்போதுதான் திரும்புவாள்.

பிள்ளைகள் இருவரும் படிக்க வெளியூர் போய்விட்டார்கள். வார நாட்களில் அவளுக்கு ஒரு ஷிஃப்ட், எனக்கு ஒரு ஷிஃப்ட். ஞாயிற்றுக்கிழமை துணி துவைக்கவும் தூங்கவும் சரியாக இருக்கும். மிச்சம் இருந்தது சனிக்கிழமை ஒன்றுதான். அதை அக்கா லவட்டிக்கொண்டு போய்விட்டாள். நான் டிவி முன்னால் உட்கார்ந்து, எனக்குப் புரியாத விளையாட்டில் எனக்குத் தெரியாத இரண்டு அணிகள் மோதுவதைப் பார்த்துக்கொண்டிருப்பேன். மதியம் மூன்று மணிக்கு வீடு எப்படி இருக்கும் என்று அந்தச் சனிக்கிழமைகளில்தான் தெரிந்துகொண்டேன். நன்றாக இல்லை.

"போகாதே, நீ இல்லாமல் பொழுது போகவில்லை" என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். தலை நரைத்தபிறகு அதையெல்லாம் எப்படிச் சொல்வது? வெட்கமாக இருந்தது. அதைவிட ஒரு தொட்டியை வாங்குவது சுலபமாகத் தெரிந்தது. அக்கா வீட்டில் தொட்டி இருப்பதால் போகிறாள், நம் வீட்டில் தொட்டி இருந்தால் போகமாட்டாள். என் மூளைக்கு இந்தக் கணக்கு அப்பழுக்கில்லாததாகப் பட்டது.

அவளுக்குத் தெரியாமல் எல்லாம் நடந்தது. ஏசி மாட்டப்போகிறேன் என்று புளுகி, எலக்ட்ரீஷியனை வைத்துப் பின்பக்கம் தனி இணைப்பு இழுத்தேன். சனிக்கிழமை அவள் தெருமுனை திரும்பியதும் வண்டிக்காரர்களுக்குப் போன் செய்தேன். நான்கு பேர் தொட்டியை இறக்கி, சிமெண்ட் தரையில் வைத்துவிட்டு, ஒரு தடிமனான கையேட்டை என்னிடம் நீட்டினார்கள்.

"படிச்சிட்டு ஆன் பண்ணுங்க சார். சூடாக ஒரு நாள் ஆகும்," என்றார் அவர்களில் மூத்தவர்.

எனக்குச் சிரிப்பு வந்தது. நான் லிஃப்ட் மெக்கானிக். இருபது மாடிக் கட்டடத்தின் லிஃப்ட் நடுவழியில் நின்றால் என்னைத்தான் கூப்பிடுவார்கள். ஒரு வாளியின் பெரியப்பாவை ஓட்ட எனக்குப் புத்தகமா? கையேட்டைத் துணி காயப்போடும் கொடிக்குக் கீழே வைத்தேன். ஈரத்துணி சொட்டிச் சொட்டி அது மதியத்துக்குள் ஊறிப்போய்விட்டது. அந்த வீட்டில் அன்றைக்கு முதலில் ஊறியது அதுதான்.

தோட்டத்துக் குழாயை மாட்டித் தண்ணீர் திறந்தேன். அரை மணியில் நிரம்பிவிடும் என்று நினைத்தேன். அரை மணியில் கணுக்கால் அளவுக்கு வந்தது. டீ போட்டுக் குடித்தேன். முழங்கால் அளவுக்கு வந்தது. சும்மா இருக்க முடியாமல் தொட்டியின் விளம்பரப் படத்தை எடுத்துப் பார்த்தேன். அதில் ஒரு தம்பதி சிரித்துக்கொண்டிருந்தார்கள், அவர்களைச் சுற்றி வெள்ளை வெளேரென்று நுரை. ஓஹோ, நுரை வேண்டுமாக்கும் என்று குளியலறைக்குப் போய், மனைவியின் வாசனைக் குளியல் சோப்புத் திரவத்தைப் பாட்டிலோடு கவிழ்த்தேன். அந்தப் படத்தில் இருந்தது நுரையே இல்லை, காற்றுக் குமிழி என்பது எனக்குப் பிற்பாடுதான் தெரிந்தது.

நிரம்பியதும் மார்பை நிமிர்த்திக்கொண்டு பொத்தானை அழுத்தினேன். தொட்டி ஒரு முறை முனகியது. பிறகு இருமியது. திரையில் ஏதோ எழுத்துகள் மினுக்கி மினுக்கி அணைந்தன. தண்ணீர் குளத்தைப் போல அசையாமல் கிடந்தது. அணைத்துவிட்டு மறுபடி போட்டேன். எங்கள் தொழிலின் பாதி ரகசியம் அதுதான். மறுபடியும் இருமல். பக்கவாட்டுப் பலகையை ஒரு தட்டுத் தட்டினேன். எங்கள் தொழிலின் மீதி ரகசியம் அது. ஒன்றும் நடக்கவில்லை.

துளைகளில் தண்ணீர் வருகிறதா என்று கையால் தடவிப் பார்க்கலாம் என்று அரைக்கால் சட்டையோடு உள்ளே இறங்கினேன். குழாயிலிருந்து நேராக வந்த தண்ணீர். இடுப்புவரை இறங்கியதும் என் வாயிலிருந்து வந்த சத்தம் மனிதச் சத்தம்தானா என்று எனக்கே சந்தேகம். பக்கத்து வீட்டம்மா சுவருக்கு மேலே தலையை நீட்டினார்.

"என்னாச்சு? யாராவது விழுந்துட்டாங்களா?"

"இல்லம்மா, சும்மா... ஊறிக்கிட்டிருக்கேன்," என்றேன், பற்கள் தந்தியடிக்க.

அந்தம்மா என்னையும் தொட்டியையும் மாறிமாறிப் பார்த்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல் தலையை உள்ளே இழுத்துக்கொண்டார். திட்டியிருந்தால்கூடத் தேவலை என்றிருந்தது.

இனி ஒரே ஒரு வழிதான் இருந்தது. என் சகலை. அக்காவின் வீட்டுக்காரர், பெயிண்ட் கடை முதலாளி. எந்தப் பேச்சையும் "நான் அப்பவே சொன்னேன்ல" என்றுதான் ஆரம்பிப்பார். அவருக்குப் போன் செய்வதைவிட அந்தக் குளிர்ந்த தண்ணீரிலேயே குடியிருக்கலாம். ஆனால் அன்று சாயங்காலம் அவள் வரும்போது தொட்டி ஓடாவிட்டால் அடுத்த சனிக்கிழமையும் துண்டோடு கிளம்பிவிடுவாள். போனை எடுத்தேன். வைத்தேன். எடுத்தேன்.

"சகலை, ஒரு சின்ன சந்தேகம். வேற யாருகிட்டயும் சொல்லாதீங்க."

"இதோ வந்துட்டேன்," என்றார். என்ன சந்தேகம் என்றுகூடக் கேட்கவில்லை. நான் உடம்பு துவட்டி முடிப்பதற்குள் வாசலில் நின்றார்.

தொட்டியைச் சுற்றி ஒரு வலம் வந்தார். வடிகட்டி இருக்கும் குழிக்குள் கையை விட்டு, உருளையாக ஒன்றை உருவி எடுத்தார். அதன்மேல் பளபளவென்று பிளாஸ்டிக் உறை அப்படியே ஒட்டியிருந்தது.

"இத பிரிக்கணும்னு தோணலயா?"

"புதுசாச்சே, அழுக்காயிடக் கூடாதுன்னு..."

"உறைய மூடி வச்சா தண்ணி எப்படிப் போகும்? நான் அப்பவே..." என்று ஆரம்பித்தவர், இந்தத் தடவை எதையும் அப்பவே சொல்லியிருக்க வாய்ப்பில்லை என்று புரிந்து வாயை மூடிக்கொண்டார். உறையைக் கிழித்து, வடிகட்டியை மாட்டி, பொத்தானை அழுத்தினார்.

மோட்டார் கம்பீரமாக உறுமியது. எல்லாத் துளைகளிலிருந்தும் தண்ணீர் பாய்ந்தது. நான் கை தட்டினேன். தட்டிக்கொண்டிருக்கும்போதே நுரை எழும்பியது. முதலில் பார்க்க அழகாகத்தான் இருந்தது. பிறகு விளிம்பைத் தாண்டியது. சகலை குனிந்து எதையோ பார்த்துக்கொண்டிருந்தார், நிமிர்ந்தபோது அவருக்கு முகம் இல்லை. மூக்குக்கண்ணாடி மட்டும் நுரைக்குள்ளே தெரிந்தது.

"என்னத்தய்யா ஊத்தினே?" என்றது நுரை.

அசடு வழிய, காலி பாட்டிலைக் காட்டினேன்.

மொத்தத் தண்ணீரையும் வெளியேற்றிவிட்டு முதலிலிருந்து பிடிக்க வேண்டும் என்றார். வடிகால் குழாயைத் திறந்துவிட்டு, ஆளுக்கொரு வாளியைக் கவிழ்த்துப்போட்டு உட்கார்ந்தோம். லாவெண்டர் வாசனையோடு தண்ணீர் செடிகளுக்கு நடுவே ஓடியது.

"உங்க தொட்டிய எப்படித்தான் சமாளிக்கிறீங்க, சகலை?" என்று கேட்டேன். முதல் முறையாக மனதாரக் கேட்டேன்.

"எங்கே சமாளிக்கிறது? அது செத்து ஆறு மாசமாச்சு."

"எது?"

"தொட்டிதான். மோட்டார் போயிடுச்சு. சரி பண்றேன் சரி பண்றேன்னு தள்ளிப் போட்டுட்டேன்."

"அப்ப சனிக்கிழமை சனிக்கிழமை அங்க என்ன நடக்குது?"

சகலை கண்ணாடியைச் சட்டையில் துடைத்தார். "காலித் தொட்டிக்குள்ள தலகாணி போட்டு அக்காவும் தங்கச்சியும் எதிரெதிரா உக்காந்துக்கறாங்க. காலையிலருந்து சாயங்காலம் வரைக்கும் பேச்சு. நான் டீ எடுத்துட்டுப் போனா, பேச்ச நிறுத்திட்டு டீய வாங்கிக்கறாங்க. நான் அந்தப் பக்கம் போனப்புறம் மறுபடி ஆரம்பிக்கறாங்க." கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "சனிக்கிழமைன்னா எனக்குப் போக்கிடம் இல்லய்யா. நீ போன் பண்ணதும் எப்படி ஓடி வந்தேன் பாத்தியா?"

தண்ணீருக்காகப் போனாள் என்றால் தண்ணீரைக் கொண்டுவந்துவிடலாம். தண்ணீரே இல்லாத இடத்துக்கு ஆறு மாதமாகத் துண்டை எடுத்துக்கொண்டு போயிருக்கிறாள். அந்தத் துண்டு யாருக்காக? எனக்காகத்தான். பேசத்தான் போகிறேன் என்று என்னிடம் சொல்ல அவளுக்குத் தயக்கமாக இருந்திருக்கிறது. கண்ணைத் துடைத்துக்கொண்டேன். நுரை என்று சொல்லித் தப்பிக்கலாம், ஆனால் நுரை இல்லை.

மறுபடி நிரப்பி, மோட்டாரை ஓடவிட்டு, சகலை கிளம்பினார். சாயங்காலம் அவள் வந்தபோது திரை இருபத்திரண்டு டிகிரி காட்டியது. பின்கதவைத் திறந்தவள் அப்படியே நின்றுவிட்டாள்.

"என்னங்க இது?"

இது எத்தனை லிட்டர், எத்தனை துளை, எந்த மோட்டார் என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். "சனிக்கிழமை நீ இல்லாம வீடு நல்லா இல்ல," என்று வந்துவிட்டது.

அவள் தோளிலிருந்த துண்டைப் பார்த்தாள். காய்ந்த துண்டு. பிறகு தொட்டியைப் பார்த்தாள். "இந்த ஒரு வார்த்தைய சொல்றதுக்கு இவ்வளவு தண்ணியா?"

"அக்கா வீட்டுத் தொட்டி ஓடலைன்னு தெரியும். சகலை சொல்லிட்டாரு."

அவள் முகம் சிவந்தது. விளிம்பில் வந்து உட்கார்ந்தாள். "உங்ககிட்டப் பேசக் கூடாதுன்னு இல்லங்க. நான் ஒண்ணு சொன்னா நீங்க உடனே ரிப்பேர் பண்ணக் கிளம்பிடுவீங்க. முதுகு வலிக்குதுன்னா நாற்காலி வாங்கிட்டு வருவீங்க. வேலையில ஒருத்தர் கத்தினார்னா, லீவு போடு, மேலதிகாரிகிட்ட எழுதிக் குடுன்னு ஆரம்பிச்சிடுவீங்க. எனக்கு ரிப்பேர் வேணாம். சொல்லணும், அவ்வளவுதான். அக்கா ஒண்ணும் பண்ணமாட்டா. கேட்டுக்கிட்டே இருப்பா." துண்டை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். "சனிக்கிழமை நான் போகத்தான் செய்வேன்."

"போ," என்றேன். வலித்தது. ஆனால் சொன்னேன்.

அவள் கால்களைத் தண்ணீருக்குள் விட்டாள். "ஸ்ஸ்... இதுக்குப் பேரு வெந்நீரா?" என்றாள். நாளைக்குள் சூடாகிவிடும், மூடியைப் போட்டால் இன்னும் சீக்கிரம் ஆகும் என்று எழப்போனேன். அவள் என்னைப் பார்த்த பார்வையில் திரும்ப உட்கார்ந்துவிட்டேன். நானும் கால்களை விட்டேன். மோட்டார் சத்தத்தில் காது கேட்காது என்று அதை அணைத்தேன். எப்படி அணைப்பது என்று மட்டும் முதல் தடவையிலேயே சரியாகத் தெரிந்திருந்தது.

"வேலையில புதுசா ஒரு சூப்பர்வைசர் வந்திருக்கார்," என்றாள், தண்ணீரைப் பார்த்தபடி. "எல்லார் முன்னாடியும் என் நாற்காலிய எடுத்துட்டுப் போயிட்டார். வரவேற்புல இருக்கிறவங்க நின்னுக்கிட்டுத்தான் பேசணுமாம். நேத்து முழுக்க நின்னேன். கழிப்பறைக்குள்ள போய் அழுதுட்டு வந்தேன்."

என் நாக்கின் நுனியில் மூன்று புகார் மனுக்களும், ஒரு மடக்கு நாற்காலியும், அந்த ஆளின் முகத்தில் விடவேண்டிய ஒரு குத்தும் வரிசையில் நின்றன. இத்தனை வருஷத்தில் எந்த லிஃப்டைத் தூக்கவும் நான் இவ்வளவு பலம் செலவழித்ததில்லை. எல்லாவற்றையும் விழுங்கினேன்.

"அப்புறம்?" என்றேன்.

அவள் திரும்பி என்னைச் சந்தேகமாகப் பார்த்தாள். நான் வேறு ஒன்றும் சொல்லவில்லை. அவள் இன்னும் கொஞ்சம் நகர்ந்து என் பக்கத்தில் உட்கார்ந்து, ஆரம்பத்திலிருந்து சொல்லத் தொடங்கினாள்.