கேள்விப்படாத துடக்கு

லண்டனின் மிச்சம் பகுதியில், அண்ணன் தவராசாவின் சலவைக்கடையில் சயந்தினியும் அக்காவின் மகள் தக்ஷிகாவும் ஆளுக்கொரு முனையைப் பிடித்து ஹோட்டல் படுக்கை விரிப்புகளை மடித்துக்கொண்டிருந்தார்கள். ஒவ்வொரு மடிப்புக்கும் இருவரும் நெருங்கி வரவேண்டும். ஒவ்வொரு தடவையும் சயந்தினி தலையைக் குனிந்துகொண்டாள்.

தக்ஷிகாவின் தாய் கலாவதி நேற்று விடிய யாழ்ப்பாணத்தில் இறந்துபோனாள். ஒரே மகளான தக்ஷிகாவுக்கு மட்டும் சொல்லவில்லை. நாளைக்குத் தவராசாவின் மகளுக்குக் கலியாணம். சாவு வெளியில் தெரிந்தால் குடும்பத்துக்கே துடக்கு, சாவுத்தீட்டு. முப்பத்தொரு நாளைக்கு நல்லகாரியம் எதுவும் நடத்த முடியாது. ஊரில் உள்ளவர்களின் வாயையும் தவராசா அடைத்து வைத்திருந்தார்.

"நேற்றையில இருந்து அம்மா போன் எடுக்கிறா இல்லை, சித்தி."

"போன் பழுதாப் போச்சாம்."

பொய் கொஞ்சமும் இடறாமல் வந்தது. அதுதான் சயந்தினிக்குப் பெரிய வெட்கமாக இருந்தது. மெஷின்கள் இரையும் பக்கமாகப் போய் அண்ணனைப் பிடித்தாள்.

"அண்ணை, எங்கட நேரம் பதினொரு மணிக்குப் பிரேதம் எடுக்கினம். வீடியோவிலையாவது அவள் தாயின்ர முகத்தைப் பாக்கட்டும்."

"விசா இல்லாத பிள்ளை. தெரிஞ்சாலும் போக ஏலுமே? அவள் குழறி அழுதா எல்லாருக்கும் தெரிஞ்சிடும். மாப்பிள்ளை வீட்டுக்கு முன்னால நான் என்ன முகத்தோட நிக்கிறது?"

அவரும் அழுதவர்தான், கண் சிவந்திருந்தது. சயந்தினியை லண்டனுக்குக் கூப்பிட்டவர், தக்ஷிகாவுக்கு வேலை கொடுத்தவர். சயந்தினி மடிக்கும் இடத்துக்குத் திரும்பினாள். பதினொரு மணிக்கு இருவரும் தலையணை உறைகளை அடுக்கிக்கொண்டிருந்தார்கள்.

மறுநாள் மண்டபத்தில் தாலித் தட்டைச் சபைக்குக் கொண்டுபோய் ஆசி வாங்குவது மணப்பெண்ணின் மாமியான சயந்தினியின் பொறுப்பு. அவள் கை நீளவில்லை.

"துடக்குக் கையால எப்பிடித் தூக்குவன்?" என்று அண்ணனின் காதுக்குள் கேட்டாள்.

தவராசா சற்று யோசித்தார். "தக்ஷிகா தூக்கட்டும். கேள்விப்பட்டால்தானே துடக்கு. அவளுக்குத் தெரியாதெல்லோ."

தக்ஷிகாவுக்கு நம்ப முடியவில்லை. இந்தச் சனத்துக்குள் அவளை இதுவரை யாரும் முன்னால் கூப்பிட்டதில்லை. தட்டை இரண்டு கைகளாலும் ஏந்தி வரிசை வரிசையாக நடந்தாள். பெரியவர்கள் தாலியைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள். கடைசியாகச் சயந்தினிக்கு முன்னால் வந்து நின்றாள். தலை நிறையப் பூ, முகம் நிறையச் சிரிப்பு.

"தொடுங்கோ சித்தி. அம்மா இப்ப என்னைப் பாத்தா எவ்வளவு சந்தோசப்படுவா."

சுற்றி இருந்தவர்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். சயந்தினி தொட்டாள்.