நடுப்பாலத்துப் பனி

சவ வண்டிக்காரரின் கையிலிருந்த சாவியைப் பிடுங்கித் தன் கோட்டுப் பைக்குள் போட்டுக்கொண்டாள் வெர்னா.

"சுத்திப் போற பேச்சே வேண்டாம். எங்கப்பா பாலத்து வழியாத்தான் போவார்."

தேவாலய வாசலில் நின்ற நாற்பது பேரும் குனிந்து தங்கள் பூட்ஸைப் பார்த்துக்கொண்டார்கள். ஹாலோவே ஊரில் ஒருவர் கோபப்பட்டால் மற்றவர்கள் பூட்ஸைப் பார்ப்பது வழக்கம். வெர்னாவின் அப்பா லூதர் ஹாஸ்கின்ஸ் செத்துப்போன இந்த ஒரு வாரத்தில் ஊரில் எல்லாருக்கும் அவரவர் பூட்ஸ் மனப்பாடமாகியிருந்தது.

லூதருக்கு எண்பத்தோரு வயது. கையில் சுத்தியலும் தகரத்துண்டுமாக வீடுபோல மூடிய ஆற்று மரப்பாலத்தின் கூரைமேல் ஏறியவர், தான் அடைக்கப் போன ஓட்டை வழியாகவே உள்ளே விழுந்தார். மூன்றாம் நாள் ஆஸ்பத்திரியில் உயிர் போயிற்று. ஜனவரியில் வெர்மாண்ட் மண்ணில் கடப்பாரை இறங்காது. மே மாதம் நிலம் இளகும்வரை பெட்டி மயானத்தில் அதற்கென்றே கட்டிய கல் அறைக்குள் காத்திருக்க வேண்டும். மயானம் ஆற்றுக்கு அந்தப் பக்கம். 'வண்டிகள் செல்லக் கூடாது' என்று ஊர் மன்றம் நட்ட பலகை இந்தப் பக்கம். சுற்றிப் போனால் பதினோரு மைல்.

மன்றத் தலைவர் ராய்ஸ் பார்ட்லெட் கையில் பாதி தின்ற ஹாம் சாண்ட்விச்சோடு வந்தார். வெர்னாவும் அவரும் ஒரே வகுப்பில் படித்தவர்கள். அப்போதும் அவர் எதையாவது தின்றுகொண்டுதான் பேசுவார்.

"மரம் ஊறிப்போயிருக்கு வெர்னா. அந்த வண்டியைத் தாங்காது."

"யாரு ஊற விட்டது?"

"இப்ப எதுக்கு அந்தப் பேச்சு? பாலத்துக்கே அவர் பேரை வைக்கப் போறோம். பலகைக்குக்கூடச் சொல்லியாச்சு."

"பலகை வைக்கறதுல நீங்க கெட்டிக்காரங்கதான்."

பக்கத்து வீட்டு மியூரியல் வெர்னாவின் முழங்கையைப் பிடித்து, "விடும்மா, சாவு வீடு" என்றாள். பிடித்தாளே தவிர இழுக்கவில்லை. ஒரு வார்த்தைகூடத் தவறிவிடக் கூடாதே என்று காதுவரை இருந்த கம்பளித் தொப்பியை மேலே தூக்கிவிட்டுக்கொண்டாள்.

இலையுதிர்காலத்தில் காமிராவோடு வரும் வெளியூர்க்காரர்கள், பாலத்துக்கு எதற்குக் கூரை என்று லூதரைக் கேட்பார்கள். குதிரை தண்ணீரைப் பார்த்து மிரளாமலிருக்கவா, காதலர்கள் மறைந்து முத்தமிடவா என்று அவர்களே பதிலும் சொல்லிக்கொள்வார்கள். "கூரை மனுஷனுக்கு இல்ல, மரத்துக்கு" என்பார் லூதர். கூடைபோலக் குறுக்கும் மறுக்குமாகப் பலகைகளைப் பின்னி, மூட்டுக்கு மூட்டு மர ஆப்பு அடித்த இரண்டு பக்கச் சுவர்கள்தான் பாலம். மற்றதெல்லாம் அதற்குப் போட்ட சட்டை. நனையாவிட்டால் இருநூறு வருஷம் நிற்கும், நனைந்தால் இருபது. முத்தத்தை எதிர்பார்த்து வந்தவர்கள் முகம் தொங்கிப் போய்விடும்.

"வண்டிதானே தாங்காது?" என்றாள் வெர்னா. "மேப்பிள் சாறு இழுக்கற சறுக்குவண்டி கொட்டகையில இருக்கு. அதுல வெச்சு நாமளே இழுப்போம்."

"கூரைக்கு அடியில பனி ஏது? வெறும் பலகையில சறுக்கு எப்படி ஓடும்?"

"அந்தக் காலத்துல எப்படி ஓடிச்சு? வெளியில கிடக்கற பனியை அள்ளி உள்ள போட்டாங்க. அதுக்குன்னு ஊர்ல ஒரு ஆளே இருந்தான். இப்ப இருக்கறவங்களுக்குப் பலகை நடத்தான் தெரியும். ஓட்டையை மூணு வருஷமா அண்ணாந்து பாத்துட்டு, எண்பத்தோரு வயசு மனுஷனை ஏணியில ஏற விட்டீங்க."

ராய்ஸின் காது சிவந்தது. மிச்ச சாண்ட்விச்சைக் கோட்டுப் பைக்குள் திணித்தார்.

"நான் ஒருத்தன்தான் ஏற விட்டேனா? போன மார்ச் ஊர்க்கூட்டத்துல, கூரையா தீயணைப்பு வண்டியான்னு கேட்டப்ப, தூக்கின கையை எண்ணினவன் நான். வண்டிக்கு அம்பத்தாறு கை. நாலாவது வரிசையில ஒரு பச்சைக் கம்பளிச் சட்டை. உன் கையையும் சேத்துத்தான் எண்ணினேன், வெர்னா."

மறுபடியும் நாற்பது ஜோடி பூட்ஸ் பார்க்கப்பட்டன. மியூரியல்கூடக் குனிந்துகொண்டாள்.

அதற்கு முந்தின வருஷம் மியூரியலின் மாட்டுக்கொட்டகை எரிந்தபோது பழைய தீயணைப்பு வண்டி கிளம்பவில்லை. அதை நினைத்துத்தான் வெர்னா கை தூக்கினாள். நல்ல காரணம்தான். லூதர் அன்று முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தார். அவர் திரும்பிப் பார்த்தாரா இல்லையா என்பது மியூரியலுக்கே தெரியாது. அவளுக்குத் தெரியாதது ஊரில் வேறு யாருக்கும் தெரிய வழியில்லை. அன்றைய சாப்பாட்டின்போது அவர் மகளிடம் உப்பை மட்டும் கேட்டார். மறுநாள் தகரம் வாங்கி வந்தார்.

வெர்னா தேவாலயச் சுவரில் சாய்த்திருந்த பனிவாரியை எடுத்துக்கொண்டு பாலத்துக்கு நடந்தாள். முதல் வாரல், யாரையோ அடிக்க ஓங்கியதுபோல் விசையோடு உள்ளே போய் விழுந்தது. அடுத்ததும் அப்படியே. கொஞ்ச நேரத்தில் மியூரியல் ஒரு வாளியோடு வந்தாள். பிறகு சவ வண்டிக்காரர். பிறகு ஒவ்வொருவராகச் சாவுக்கு உடுத்திய நல்ல கோட்டோடு வந்து அள்ளினார்கள். ராய்ஸ் பாலத்தைக் கடந்து போய் அந்தக் கோடியிலிருந்து போட்டுக்கொண்டு வந்தார்.

நடுவில் இருவரும் எதிரெதிரே வந்து நின்றார்கள். ராய்ஸ் வாரியை ஓங்கினார்.

"அங்க போடாதே."

"ஏன்?"

"அங்க ஏற்கெனவே இருக்கு."

ராய்ஸ் அண்ணாந்து பார்த்தார். கூரையில் மேசை அகல ஓட்டை. அதற்கு நேர்கீழே, யாரும் அள்ளிப் போடாத பனி முழங்கால் உயரத்துக்குக் குவிந்திருந்தது. அவர் வாரியைத் தாழ்த்தி அந்தக் குவியலை இரண்டு பக்கமும் இழுத்துச் சமன்செய்தார். அடியிலிருந்து ஒரு சுத்தியல் வந்தது. அதை வெர்னாவிடம் நீட்டத் துணிவில்லாமல், பக்கச் சுவரின் பின்னலுக்குள் செருகி வைத்தார்.

எட்டுப் பேர் கயிறு பிடித்தார்கள். ராய்ஸும் ஒரு கயிற்றைப் பிடித்தார். வெர்னா அவரைப் பிடி என்றும் சொல்லவில்லை, விடு என்றும் சொல்லவில்லை. பெட்டியைச் சுமந்த சறுக்குவண்டி சத்தமில்லாமல் பாதிப் பாலம் வந்தது. மூச்சு வாங்க எல்லாரும் அங்கே நின்றார்கள்.

வெளியே மறுபடி பனி பெய்யத் தொடங்கியிருந்தது. ஓட்டை வழியாக இறங்கி, பெட்டி மூடிமேல் விழுந்தது. வெர்னா சட்டைக்கையால் துடைத்தாள். மறுபடி விழுந்தது. மறுபடி துடைத்தாள்.

பிறகு வலது கையைத் தூக்கி, விரல்களை விரித்து, பெட்டிக்கு மேலே பிடித்தாள். ஒரு கையகல இடம் மட்டும் நனையாமலிருந்தது.