பூமயிலின் இடக்கை

அறையில் இருந்தவர்கள் முதலாளி ஞானசிகாமணி, அச்சகம் வைத்திருந்த அவருடைய மருமகன் ராஜதுரை, கதைச்செல்வி அக்கா என்ற பெயரில் குழந்தைகளுக்குக் கதை எழுதிய பெரிய மீசைக்காரர் தேவசகாயம், படம் வரைந்த நான், பிறகு மேஜைமேல் விரித்துக் கிடந்த புத்தகத்துக்குள் சம்மணம் போட்டு உட்கார்ந்து இடது கையால் சோற்றை அள்ளி வாயில் வைத்துக்கொண்டிருந்த சிறுமி பூமயில், எங்களில் அவள் ஒருத்திதான் நிம்மதியாக இருந்தாள், கன்னம் உப்பியிருக்கிறது, உதட்டோரம் ஒரு பருக்கை ஒட்டியிருக்கிறது, அந்தப் பருக்கையை வைத்தது நான், இடது கையை வைத்தது நானில்லை. பள்ளிக்கூட நூலகங்களுக்குப் போன புத்தகம் அது, பிள்ளைகள் மதியச் சாப்பாட்டில் பூமயில் மாதிரி சாப்பிடுகிறேன் என்று கை மாற்றிக்கொண்டு விட்டார்களாம், தாய்மார்கள் பள்ளிக்கூடத்துக்கு வந்து சத்தம் போட்டார்களாம், இனி உங்கள் புத்தகமே வேண்டாம் என்று மேலிடத்தில் சொல்லிவிட்டார்களாம், முதலாளி இதையெல்லாம் சொல்லி முடித்துக் கண்ணாடியைக் கழற்றித் துடைக்கிறார், நல்ல பழக்கம் சொல்லிக் குடுக்கதுக்குப் புக்குப் போட்டா பீச்சாங்கையில சோறு திங்க வச்சிருக்கீரேய்யா, எவனுக்குவே இப்படி ஒரு புத்தி வரும்.

நான் வலது கைதான் வரைஞ்சேன் சார் என்கிறேன், பிலிமைக் குப்புறப் போட்டு ஒட்டியிருக்காங்க, அதான் மாறியிருக்கு. அந்தக் காலத்தில் படத்தைப் பிலிமில் எடுத்து, அந்தப் பிலிமைத் தாளில் ஒட்டி, அதிலிருந்து தகடு செய்து அச்சடிப்பார்கள், ஒட்டுகிறவன் தூக்கக் கலக்கத்தில் பிலிமைத் திருப்பிப் போட்டுவிட்டால் இடம் வலமாகும், வலம் இடமாகும், எழுத்துக்குத் தனிப் பிலிம் என்பதால் எழுத்து நேராகவே இருக்கும், யாருக்கும் சந்தேகம் வராது. பாருங்க சார், பக்கத்துல பரிமாறுற அம்மாவோட முந்தானை வலது தோள்ல கிடக்கு, மூக்குத்தி இடது பக்கம் இருக்கு, நம்ம ஊர்ல எந்தப் பொம்பளை இப்படி இருக்கா என்று நான் விரலை வைத்துக் காட்டுகிறேன், மருமகன் ராஜதுரை ஜன்னலுக்கு வெளியே பார்க்கிறான், அவனுடைய அச்சகம்தான், தேவசகாயம் மீசையைத் தடவிக்கொண்டே, முந்தானைக்கு என்ன, ஐயர் வீட்டு மாமி, வலது தோள்ல வர்ற மாதிரி மடிசார் கட்டியிருக்கான்னு சொல்லிட்டாப் போச்சு என்கிறார், முதலாளி அவரை ஏற இறங்கப் பார்த்து, ஓய், நீரு எழுதுன கதையில அவ மீன்குழம்புல்லா ஊத்துதா என்றதும் எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன், சிரித்து முடித்தபோது என் வேலை போயிருந்தது.

மூல ஓவியத்தை எடுத்துப் பார்த்தால் தெரிந்துவிடும் என்று சொல்லத்தான் செய்தேன், ஆனால் அச்சகத்துக்குப் போன ஓவியம் எதுவும் திரும்பி வந்ததில்லை, என் யானைகளையும் முயல்களையும் அங்கே மை டப்பாக்களுக்கு மூடியாகப் போட்டிருப்பதை நானே பார்த்திருக்கிறேன், படத்தின் மூலையில் கையெழுத்துப் போட்டிருந்தால் அதுவும் இடவலமாகத் திரும்பி எனக்குச் சாட்சி சொல்லியிருக்கும், அதற்கும் வழியில்லை, கையெழுத்துப் போடக் கூடாது என்பது அந்தப் பதிப்பகத்தின் சட்டம், ஒரு புத்தகத்துக்கு வரைந்த காகத்தை வெட்டி இன்னொரு புத்தகத்தில் ஒட்ட வேண்டும் அல்லவா, அப்படி என் காகம் நான் கேள்விப்படாத கதைகளில் எல்லாம் வடை திருடியது, என் ராஜாவின் தலை வேறு யாரோ வரைந்த உடம்பின்மேல் உட்கார்ந்து தீர்ப்புச் சொன்னது. ஓவியக் கல்லூரியை இரண்டாம் வருஷத்தில் விட்டுவிட்டு வந்தவன் நான், அங்கே சொல்லிக்கொடுத்தது எனக்கு அலுத்துவிட்டது, குழந்தையின் முழங்கால் எப்படி மடங்குகிறது, அழப்போகிற வாய் எந்த இடத்தில் முதலில் கோணுகிறது, எனக்கு அதுதான் வேண்டியிருந்தது, வாடகை அறையில் கண்ணாடியை எதிரே சாய்த்து வைத்துக்கொண்டு நானே குழந்தை மாதிரி உட்கார்ந்து, நானே அழுது, நானே சோறு பிசைந்து வரைவேன், நாலு விரல் சேர்ந்து கவளத்தைத் தாங்க, கட்டைவிரல் பின்னாலிருந்து தள்ளும், அதை வரையத் தெரியாதவன் குழந்தையின் கையில் கரண்டியைக் கொடுத்துவிடுவான். அந்தக் கண்ணாடிதான் என்னை மாட்டிவிட்டது, முதலாளி மூக்குக்கண்ணாடியை மறுபடி மாட்டிக்கொண்டு கேட்டார், நீரு கண்ணாடியில பாத்துத்தான வரையுதீரு, ஆமா சார் என்றேன், கண்ணாடியில வலது கை எப்படித் தெரியும், நான் வாயைத் திறப்பதற்குள் ராஜதுரை முதல்முறையாகப் பேசினான், அப்புறம் என்ன மாமா, அவரே ஒத்துக்கிட்டாரே. கண்ணாடியைப் பார்த்து வரைகிறவன் கையை மாற்றித்தான் வரைவான், அது எங்களுக்குக் கைப்பழக்கம், சேலையையும் மூக்குத்தியையும் கண்ணாடியிலா பார்த்தேன் என்று கேட்க எனக்கு அப்போது தோன்றவில்லை, படி இறங்கும்போது தோன்றியது, திரும்பி ஏறினேன், மேஜையில் புத்தகம் இல்லை, அவர்கள் டீ குடித்துக்கொண்டிருந்தார்கள்.

அதற்குப் பிறகு குழந்தைகள் பத்திரிகையில் வருத்தம் தெரிவித்து ஒரு குறிப்பு வந்தது, ஓவியரின் கவனக்குறைவு என்று, பெயர் போடவில்லை, புத்தகத்திலும் போட்டதில்லை, ஆனாலும் எல்லாப் பதிப்பகத்துக்கும் யார் என்று தெரிந்திருந்தது, போன இடத்திலெல்லாம் உட்கார வைத்தார்கள், தண்ணீர் கொடுத்தார்கள், நீங்கதானே அந்த இடக்கை என்றார்கள், இல்லை என்று ஆரம்பித்துப் பிலிம், தகடு, மூக்குத்தி என்று நான் சொல்லிக்கொண்டிருக்கும்போதே அவர்கள் கண்ணில் ஒரு சலிப்பு வரும், தப்புச் செய்தவன் எல்லாரும் இப்படித்தான் பேசுவான் என்கிற சலிப்பு. கடைகளில் சுருட்டி விற்கிற அட்டைகளுக்கு வரைந்தேன், பழங்கள், காய்கறிகள், நம் உடல் உறுப்புகள், ஒரு நாளிதழில் இரவு வேலைக்குப் போனேன், விபத்துச் செய்திகளுக்கு லாரி எங்கே வந்தது, பேருந்து எங்கே நின்றது, அம்புக்குறி போட்டுக் காட்டுகிற வேலை, செத்தவர்களுக்குச் சின்னப் பொம்மை வரைய வேண்டும், ஒருநாள் அந்தப் பொம்மையின் முழங்கால் சரியாக மடங்கவில்லை என்று அழித்து அழித்து வரைந்துகொண்டிருந்தேன், பக்கம் தாமதமாகிவிட்டது என்று கத்தினார்கள், எழுந்து வந்துவிட்டேன், அப்புறம் போகவில்லை. பகலில் தூங்கிப் பழகிய உடம்புக்குக் கனவும் பகலில்தான் வரும், கனவில் பூமயில் சாப்பிடுகிறாள், நான் தாளைத் திருப்புகிறேன், கை மாறுகிறது, மறுபடி திருப்புகிறேன், மறுபடி மாறுகிறது, எது நான் வரைந்தது என்று அவளிடமே கேட்கிறேன், வாய் நிறையச் சோறு, பதில் சொல்ல மாட்டாள், விழித்த பிறகும் கொஞ்ச நேரம் எனக்கே சந்தேகமாக இருக்கும், ஒருவேளை நான்தானோ, பிறகு மூக்குத்தி ஞாபகம் வரும், எழுந்து முகம் கழுவுவேன்.

பல வருஷம் கழித்துச் சுகந்தி வந்ததும் ஒரு பகலில்தான், அம்பத்தூரில் இந்த வீட்டுக்கு, ஆரணிப் பக்கத்துப் பெண், பத்திரிகையில் வேலை, பூமயில் புத்தகத்தைப் பற்றி அவள் எழுதிய கட்டுரையை ஊரே படித்ததாம், முதலாளி செத்துப் போய் இப்போது பதிப்பகத்தைப் பார்த்துக்கொள்கிற ராஜதுரை உடனே மறுபதிப்புக்கு ஏற்பாடு செய்துவிட்டானாம், இடக்கைக் குழந்தைகளுக்கான முதல் புத்தகம் என்று அட்டையிலேயே போடப் போகிறானாம், விழா இருக்கிறது, மேடையில் நான் பேச வேண்டும், சார், அட்டையில உங்க பேரு வருது, கதைச்செல்வி அக்கா பேருக்கு மேல என்றாள். ராஜதுரை அதற்கு முந்தின நாளே போன் செய்திருந்தான், பழசையெல்லாம் மனசுல வச்சுக்காதீங்கண்ணே, இடக்கைப் பிள்ளைகளை நெனச்சுத்தான் அப்படி வரைஞ்சேன்னு ரெண்டு வார்த்தை சொல்லுங்க, அடுத்த புத்தகமும் நீங்கதான், இடக்கைன்னா இப்ப மரியாதைண்ணே, காலம் மாறிடுச்சு. அட்டையில் என் பெயர், நாற்பது புத்தகத்துக்கு மேல் வரைந்தவன் ஒரு தடவைகூடப் பார்க்காத இடத்தில் என் பெயர், எந்த எழுத்தில் போடுவார்கள் என்றுகூட யோசித்துவிட்டேன், சரி என்று சொல்லத்தான் இருந்தேன், மத்தியான நேரமாக இருந்ததால் சாப்பிடும்மா என்றேன், எலுமிச்சைச் சோறும் அப்பளமும், என் சமையல், தட்டை முன்னால் வைத்தேன், அவள் கை கழுவிவிட்டு வந்து தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து இடது கையால் அள்ளினாள், நாலு விரல் தாங்க, கட்டைவிரல் தள்ள, நான் வலது கையாக வரைந்தது எதிரே இடது கையில் நடந்துகொண்டிருந்தது, ஒரு பிசகில்லை.

தின்றுகொண்டே சொன்னாள், எங்கம்மா சோறு போடும்போது என் இடது கைய ரிப்பன்ல கட்டிருவாங்க சார், அவுத்துட்டா கரண்டியாலயே அடிப்பாங்க, இங்க பாருங்க என்று தழும்பு விழுந்த மணிக்கட்டைக் காட்டினாள், ஸ்கூல் லைப்ரரியில உங்க படத்தப் பாத்தேன், அந்தப் பக்கத்தக் கிழிச்சு ஜாமெட்ரி பாக்ஸுக்குள்ள வச்சிருந்தேன், எனக்காக ஒருத்தர் எங்கயோ உக்காந்து வரைஞ்சிருக்காரு, என்னை அவருக்குத் தெரியும்னு நெனச்சுக்குவேன், அடி விழும்போதெல்லாம் உங்களைத்தான் நெனச்சுக்குவேன். அவள் சிரித்தாள், உதட்டோரம் ஒரு பருக்கை. எனக்கு மனசு நெகிழ்ந்திருக்க வேண்டும், நெகிழவில்லை, ஆத்திரம்தான் வந்தது, என்னைத் தெருவில் நிறுத்திய அதே கைக்கு இப்போது மாலை போடப் போகிறார்கள், நான் வரைந்த கை எங்கே, அதைக் கேட்க ஒருத்தருமில்லையா, நான் வலது கைதான்ம்மா வரைஞ்சேன் என்றேன், அச்சகத்துல பிலிமைக் குப்புறப் போட்டுட்டாங்க, ராஜதுரையோட அச்சகம். அவள் கை தட்டுக்கும் வாய்க்கும் நடுவில் நின்றது. மூக்குத்தி என்றாள் மெதுவாக, அந்த அம்மாவுக்கு மூக்குத்தி எங்கம்மாவுக்கு எதிர்ப் பக்கம் இருக்கும், முந்தானையும் எதிர்ப் பக்கம், அந்த வீட்டுல எல்லாமே எங்க வீட்டுக்கு எதிர், அதான் அங்க அடிக்க மாட்டாங்கன்னு நெனச்சேன். பிறகு தட்டைப் பார்த்துக்கொண்டே கேட்டாள், அப்ப எனக்காக யாரும் வரையலையா சார்.

ஏதாவது சொல்லியிருக்கலாம், கை மாறினாலும் முகம் நான் வரைந்ததுதான் என்றாவது சொல்லியிருக்கலாம், அது பொய்கூட இல்லை, ஆனால் எனக்கு அந்த நேரத்தில் இருந்ததெல்லாம் ஒரே ஒரு நிம்மதிதான், கேவலமான நிம்மதி, இத்தனை வருஷத்தில் முதல்முறையாக ஒரு ஆள் என்னை நம்பிவிட்டாள், யாரும் வரையலம்மா என்றேன். அவள் மிச்சச் சோற்றைச் சாப்பிடவில்லை, தட்டை எடுத்துக்கொண்டுபோய்த் தொட்டியில் வைத்தாள், கையை நெடுநேரம் கழுவினாள், பையைத் தோளில் மாட்டிக்கொண்டு வாசலில் நின்று, இத நீங்க சொல்லாமலே இருந்திருக்கலாம் சார் என்றாள். நானும் எல்லார்கிட்டயும் சொல்லிட்டுத்தாம்மா இருக்கேன், நீதான் நம்பின என்றேன். மேடைக்கு நான் வருகிறேனா, அட்டையில் பெயர் இருக்குமா, அவள் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை, செருப்பை மாட்டுகிறபோது சுவரில் ஊன்றிய அவளுடைய இடது கை இன்னும் ஈரமாக இருந்தது, விரல்களின் தடம் சுண்ணாம்பில் பதிந்து நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே காய்ந்தது, படி இறங்கினாள், திரும்பிப் பார்க்கவில்லை, நான் கதவைச் சாத்திப் பூட்டினேன்.