ஒனேசிம் போட்ட கையெழுத்து

மாண்ட்ரியாலில் அந்த வருஷம் எந்தத் தெருவில் நடந்தாலும் எக்சில்டாவின் குரல்தான். அடுப்படியில் பாடுகிற பாட்டை, இரண்டு காலாலும் பலகையில் தாளம் தட்டி, இசைத்தட்டில் ஏற்றிய முதல் பொம்பளை அவள். காலைக் கட்டிப்போட்டால் அவளுக்குப் பாட்டே வராது.

இருந்து என்ன பிரயோசனம்? ஊர் ஊராகப் போய்ப் பாட ஒப்பந்தம் வந்திருக்கிறது. கல்யாணமானவள் போடும் கையெழுத்து சட்டப்படி செல்லாது, புருஷன் ஒனேசிம்தான் போட வேண்டும். இசைத்தட்டுக் கம்பெனிக்காரர் நாளைக்கு ரயிலேறுகிறார். காகிதமோ மூன்று வாரமாக அலமாரியில் கிடக்கிறது.

புத்தாண்டுக் காலை. வழக்கப்படி பிள்ளைகள் நால்வரும் அடுப்படியில் மண்டியிட்டார்கள். மூத்தவள் லூசில் கேட்டாள்.

"அப்பா, எங்கள ஆசீர்வாதம் பண்ணுங்கப்பா."

ஒனேசிம் கையைத் தூக்கவில்லை. ஆலை மூடியதிலிருந்து ஒன்றரை வருஷமாக வீட்டோடு கிடக்கிற மனுஷன்.

"என்கிட்ட ஏன் கேக்குற? உங்களுக்குச் சாப்பாடு போடுறவ அதோ நிக்கிறா. அந்தப் பெரிய பாட்டுக்காரிகிட்ட கேளு!"

"நல்ல நாளும் அதுவுமா என்னங்க பேச்சு இது?" என்றாள் எக்சில்டா.

"தெருவுல என்னை எப்படிக் கூப்பிடுறானுங்க தெரியுமா? பாட்டுக்காரி புருஷனாம். எனக்குன்னு ஒரு பேரு இருந்துச்சுடி!"

லூசிலுக்கு அழுகை முட்டியது. அப்பா ஆசீர்வதிக்காத வருஷம் விளங்குமா?

அந்த நேரம் பார்த்து மாடி வீட்டில் அவளுடைய இசைத்தட்டைச் சுழல விட்டார்கள். சோம்பேறிப் புருஷனை விளக்குமாற்றால் விரட்டுகிற பாட்டு. எக்சில்டாவே கட்டியது, பாடியபோது ஸ்டூடியோவே சிரித்தது. கடைக்குட்டி களுக்கென்று சிரித்தான். ஒனேசிமின் முகம் கறுத்தது.

போச்சு, இனி எங்கே கையெழுத்து? எக்சில்டா சட்டென்று பிள்ளைகளின் பக்கத்தில் போய் மண்டியிட்டாள்.

"இந்த வீட்டுக்குப் பெரியவர் நீங்கதான். எங்க அஞ்சு பேரையும் ஆசீர்வாதம் பண்ணுங்க."

அவன் கையைத் தூக்கி அவர்கள் மேல் சிலுவை போட்டான். அலமாரியைத் திறந்து, காகிதத்தை எடுத்துக் கையெழுத்தும் போட்டான்.

"ஆனா நானும் கூட வருவேன். மேடையில உன் பக்கத்துலயே உக்காருவேன். விளக்குமாத்துப் பாட்டு கிடையாது."

"சரிங்க."

"இன்னொண்ணு. காலால தாளம் தட்டக் கூடாது. கௌரவமா நின்னு பாடு."

அவள் வாயைத் திறந்தாள். கையெழுத்தின் மை இன்னும் காயவில்லை. அவன் விரல் காகிதத்தின் மேலேயே இருந்தது.

"சரிங்க" என்றாள்.

மாடியில் தட்டைத் திருப்பிப் போட்டார்கள். மேலே அவள் கால்கள் தடதடவென்று தாளம் போட்டன. கீழே அவள் இன்னும் மண்டியிட்டபடியே இருந்தாள்.