கொசெத்துக்கு இல்லாத மகள்

வீட்டுக்காரர் கொசெத் வாடகை நீதிமன்றத்தில் சொன்ன பொய், ஜூலை முதல் தேதி மதியம் இரண்டு பெட்டிகளோடு அவர் வீட்டின் தரைத்தளத்தில் வந்து குடியேறியது. அதற்கு முப்பத்தொரு வயது. பெயர் ஒடீல். இடது காலை இழுத்து இழுத்து நடந்தது. மொன்றியாலில் வாடகை ஒப்பந்தங்கள் எல்லாம் ஒரே நாளில் முடிவதால் அன்றைக்குப் பாதி நகரம் மெத்தையும் குளிர்பெட்டியுமாகத் தெருவில் நிற்கும். இன்னொருத்தி வந்து இறங்கியதை யாரும் பொருட்படுத்தவில்லை. அதே வீட்டிலிருந்து அன்று காலைதான் கிஸ்லேனை வெளியேற்றியிருந்தார்கள்.

கிஸ்லேன் மருத்துவமனைச் சலவைக்கூடத்தில் வேலை பார்ப்பவள். பத்தொன்பது வருடம் அந்தத் தரைத்தள வீட்டில் குடியிருந்தாள். குளியலறைக் கூரை ஒழுகுகிறது என்று சொல்லும்போதெல்லாம் கொசெத் மாடியிலிருந்து "பாக்கலாம் மதாம், பாக்கலாம்" என்பார். சுற்றுவட்டாரத்தில் வாடகை இரட்டிப்பான வருடம், ஒப்பந்தம் முடிந்ததும் வீடு தன் மகளுக்கு வேண்டும் என்று வழக்குப் போட்டார். பெற்ற பிள்ளைக்கு என்றால் சட்டம் வழிவிடும். அவருக்குப் பிள்ளையே இல்லை என்பது தெருவுக்கே தெரியும், ஆனால் தெரு சாட்சிக்கு வரவில்லை. நீதிபதி கேட்கக் கேட்க அவர் சொல்லிக்கொண்டே போனார். பெயர் ஒடீல். கால் சரியில்லை, மாடி ஏற முடியாது. புருஷன் அடித்துத் துரத்திவிட்டான். அவளுக்கு யாருமில்லை. சொல்லச் சொல்ல அவருக்கே கண் கலங்கியது.

"இந்தாளுக்கு ஏதுய்யா மகள்? ஒரு பூனைகூடக் கெடையாது!" என்று கிஸ்லேன் எழுந்து கத்தினாள். நீதிபதி உட்காரச் சொன்னார். தோற்று வெளியே வந்தவள், வாசலில் கொசெத்தின் சட்டையைப் பிடித்தாள். "வரட்டும்டா உன் மக. வந்து ஆயுசுக்கும் அங்கயே கெடக்கட்டும்!"

ஆற்றுக்கு அக்கரையில் ஜன்னல் இல்லாத நிலவறை ஒன்று அவளுக்குக் கிடைத்தது. வெளியேற்றப்பட்டவர்கள் அந்த ஊரில் தவறாமல் செய்யும் காரியம் ஒன்று உண்டு: திரும்பிப் போய் நோட்டம் பார்ப்பது. உள்ளே வேறு ஆள் இருந்தால் பொய் நிரூபணமாகும், வீட்டையே திரும்பக் கேட்கலாம். ஆகஸ்டில் கிஸ்லேன் போனாள். கொசெத்தின் அதே உருளைக்கிழங்கு மூக்கோடு ஒருத்தி வாசல்படியைக் கூட்டிக்கொண்டிருந்தாள்.

"யாருடி நீ?"

"ஒடீல். அவரு மக."

"அவனுக்கு மகளே கெடையாது. நீ பொய்."

"தெரியும் மதாம். கோர்ட்டுக்கு முன்னால எனக்கு ஒண்ணுமே ஞாபகம் இல்ல. புருஷன் அடிச்சது மட்டும் இருக்கு. அவன் மூஞ்சி இல்ல, அடி மட்டும்."

கிஸ்லேன் பூந்தொட்டியை உதைத்து உடைத்தாள். ஊரில் எத்தனையோ பொய் காற்றோடு போகிறது; இந்தக் கொசெத் சொன்னது மட்டும் உயிரோடு வந்து நின்று அவள் வழக்கைக் கொன்றுவிட்டது.

கொசெத்தின் கணக்கும் கவிழ்ந்தது. ஒடீல் வாடகை தரவில்லை. அப்பாவுக்கு யார் வாடகை கொடுப்பார்கள்? கூரை ஒழுகியபோது துடைப்பக் கட்டையால் அவரைத் தூங்கவிடாமல் மேலே இடித்தாள். கிஸ்லேனுக்குப் பத்தொன்பது வருடம் ஒழுகிய கூரை ஒரே வாரத்தில் சரியானது. ஒடீலைத் துரத்த வேண்டுமானால் அவள் மகளே இல்லை என்று சத்தியம் செய்ய வேண்டும், செய்தால் கிஸ்லேனின் வழக்கு உயிர்பெறும் என்றார் வக்கீல். கொசெத் வீடு திரும்பி, அதற்குப் பிறகு அந்தப் பேச்சையே எடுக்கவில்லை.

முதல் பனி விழுந்தபோது ஒடீல் ஆற்றைக் கடந்து போய் கிஸ்லேனைத் தன்னோடு வந்து இருக்கும்படி அழைத்தாள். கிஸ்லேன் நன்றி சொல்லவில்லை. "நான் ஒண்ணும் விருந்தாளி இல்ல, இது என் வீடு" என்று சொல்லிவிட்டு, கட்டிலைப் பழைய இடத்திலேயே போட்டாள். கொசெத் மூச்சிரைக்கக் கீழே இறங்கி வந்தார்.

"இவ எதுக்கு இங்க?"

"நீங்கதானப்பா சொன்னீங்க, எனக்கு யாருமில்லன்னு."

சில வருடங்களில் கொசெத் செத்துப்போனார். ஒரே வாரிசு என்று வீடு ஒடீலுக்கு வந்தது. ஜூலை முதல் தேதி வந்தால் இருவரும் வாசல்படியில் பியரோடு உட்கார்ந்து, சாமான் ஏற்றிய லாரிகளைப் பார்ப்பார்கள். கிஸ்லேனுக்கு ஆத்திரம் கொஞ்சமும் தணியவில்லை. மாடியைப் பார்த்து இன்றைக்கும் திட்டுகிறாள். கொசெத் நீதிமன்றத்தில் கண்ணின் நிறத்தைச் சொல்லாமல் விட்டதால் ஒடீலின் கண்கள் நாளுக்கொரு நிறமாக இருக்கும். கிஸ்லேன் அதைக் கவனிப்பதை எப்போதோ விட்டுவிட்டாள்.